உப்பு ஐஸில் போன ரத்தம்

தை 9, 1984
பனி. எதிர்க்கரை தெரியவில்லை. படகு தாமதம். அக்கரையில் பஸ் பிடித்து பொன்னேரி டாக்டரிடம். கூட என் வீட்டுக்காரி தனம், மருமகன் ஏழுமலை (இனி ஏ. என்று போடுகிறேன், கை வலிக்கிறது).
ஒரு மாதமாக இடுப்பு வலி. ஒன்றுக்கும் நின்று நின்றுதான் போகிறது. முதலில் ரத்தம் எடுத்தார். பிறகு அழுத்திப் பார்த்தார். எங்கே என்று எழுத மாட்டேன். அழுத்திவிட்டு எடுத்தால் அளவு ஏறிவிடுமாம்.
“பெரியவரே, ஆம்பளைங்களுக்கு மூத்திரப்பைக்குக் கீழே ஒரு சுரப்பி இருக்கு. அதுல புத்துநோய் வந்து எலும்புக்குப் பரவினா, ஆசிட் பாஸ்படேஸ்னு ஒரு பொருள் ரத்தத்துல ஏறும். பார்த்துடலாம்.”
மூன்று முறை சொல்லச் சொல்லி எழுதிக்கொண்டேன். முதியோர் கல்வி வகுப்பில்கூட இத்தனை நீளப் பேர் எழுதியதில்லை! இனி ஆ.பா.
ஏ. தினமும் எறாப் பெட்டியோடு மெட்ராஸ் மீன் மார்க்கெட்டுக்குப் போகிறவன். ரத்தத்தையும் அவனே லேபில் கொடுப்பதாக ஏற்பாடு. “சில்லுனு இருக்கணும்” என்றார் டாக்டர்.

தை 12
காற்று. மதியம் மடவை மீன் குழம்பு. ருசி.
முடிவு வந்துவிட்டது. ஆ.பா. இருக்க வேண்டியதைவிட ரொம்ப அதிகம். ஏ. சொல்லிவிட்டு முகத்தைத் திருப்பிக்கொண்டான்.
தனம் குழம்பை இன்னொரு கரண்டி ஊற்றினாள்.

தை 13
எலும்பைத் தொட்டுத் தொட்டுப் பார்க்கிறேன். உள்ளே என்ன நடக்கிறதோ. பயம். எழுதினால் கொஞ்சம் குறைகிறது. எழுதத் தெரியாமலே போயிருந்தால் இதை எங்கே வைத்திருப்பேன்.
செய்ய வேண்டியவை: வலை நூல் வாங்க. கோழிக்கூடு கதவு. தனத்திடம் பேச.
கதவு மட்டும் ஆயிற்று.

தை 15
மறுபடி டாக்டர். காகிதத்தைப் பார்த்தார், என்னைப் பார்த்தார். “ரத்தத்தை எப்படிப்பா எடுத்துட்டுப் போனே?”
ஏ. பெருமையாக, “சும்மா இல்ல சார். ஐஸை ஒடச்சி, கல்லுப்பு தூவி, நடுவுல பொதச்சேன். மெட்ராஸ்ல எடுக்கறப்போ கல்லு மாதிரி இருந்துச்சு. எறாகூட அப்பிடிப் போய்ச் சேராது!”
டாக்டர் பேனாவைக் கீழே வைத்துவிட்டார். சிரிப்பு அடங்க நேரமாயிற்று. சிவப்பணுவுக்குள்ளேயும் ஆ.பா. இருக்கிறதாம். ஐஸாக உறைந்தால் அணு உடைந்து எல்லாம் வெளியே வந்துவிடுமாம். அந்த அளவு செல்லாது.
தனம்: “மாமன் ரத்தத்த ஏலத்துல வுடவா எட்த்துனு போனே?”
ஏ.: “இன்னா அத்தே, கெட்டுப்போவக் கூடாதுனுதானே...”
மூன்று நாளுக்குப் பிறகு அவள் சிரித்துப் பார்த்தேன். ஆனாலும் புத்துநோய் இல்லை என்று யாரும் இன்னும் சொல்லவில்லை.

தை 16
நானே மெட்ராஸ் போனேன், தனமும் கூட. ரயில், பிறகு பஸ். வழியெல்லாம் கடைப் பலகைகள். சத்தமாகப் படித்துக்கொண்டே போனேன். “வாயை மூடுய்யா, எல்லாரும் பாக்கறாங்க” என்றாள் தனம்.
லேபில் ரத்தம் எடுத்த அம்மா பொறுமைசாலி. ஆ.பா. ஒரே வகை இல்லையாம். “சுரப்பியில வர்றது, புளிப்பு உப்பு ஒண்ணு சேர்த்தா அடங்கிடும். எலும்பைக் கரைக்கிற செல்லுல இருக்கிறது அடங்காது. அதை வெச்சுப் பிரிச்சுடுவோம்.”
“எந்தப் புளிப்பும்மா?”
“உங்க வீட்டுப் புளியில இருக்கே, அதே புளிப்புதான்.”
தனம்: “நாப்பது வருசமா கரைச்சு ஊத்தறேன். இந்தாளு அடங்கலையே!”
எலும்பை ஏன் கரைக்க வேண்டும் என்று கேட்டேன். பழசைக் கரைத்தால்தான் புதுசு கட்ட முடியுமாம். கிருமியை விழுங்கும் செல்களிலும் இதே ஆ.பா. உண்டாம். இரண்டும் ஒரே வம்சம். என் உடம்புக்குள் பங்காளிகள்! ஒருத்தன் வீட்டை இடித்துக் கட்டுகிறான், ஒருத்தன் வாசலில் காவல். இத்தனை வயதுக்கு இது தெரியாமல் இருந்திருக்கிறேன்.

தை 20
வெயில் நன்றாக.
டாக்டர் சொன்னார்: சுரப்பி வகை ஏறவில்லை. புத்துநோய்க்கு அடையாளம் இல்லை. ஒன்றுக்குப் போக மாத்திரை போதும்.
“மத்த வகைதான் கொஞ்சம் கூட. எலும்பு எங்கியோ பழுது பார்த்துக்குது. எங்கியாவது விழுந்தீங்களா?”
முதல் நாளே கேட்டார். இல்லை என்றேன், தனம் பக்கத்தில் நின்றாளே. கடலுக்குப் போகக் கூடாது என்று போன வருடமே சொல்லிவிட்டாள். மார்கழியில் அவளுக்குத் தெரியாமல் போனேன். அலை தூக்கிப் போட்டது. படகு விளிம்பில் இடுப்பு. இந்த நோட்டில்கூட எழுதவில்லை.
சொன்னேன். படம் எடுத்தார்கள். இடுப்பெலும்பில் மயிரிழை விரிசல், ஒட்டிக்கொண்டு வருகிறது. ஆறு வாரம் கடல் கிடையாது.
தனம் டாக்டர் எதிரில் பேசவில்லை. பஸ்ஸிலும் பேசவில்லை. படகு நகர்ந்ததும் ஆரம்பித்தாள். இக்கரை வரை நிறுத்தவில்லை. படகு முழுக்கக் கேட்டது. ஏ. தண்ணீரைப் பார்த்துக்கொண்டு வந்தான். எனக்குச் சிரிப்பு நிற்கவில்லை.
“புத்துநோய் இல்லன்னதும் சிரிப்பா வருதா? நான் ஒருத்தி இன்னும் இருக்கேன்யா!” என்றாள்.