வெண்ணெய் தொடாத கிண்ணம்

மழை தவறாது பொழிக. மடி வற்றாது சுரக்க. மந்தை குறையாது பெருகுக. முல்லைக்கோட்டத்தின் காவலரும், ஆயிரம் தொழுவங்களின் தலைவரும், ஏறு பொறித்த கொடியினருமாகிய வேந்தர் நன்மருதர் திருமுன்புக்கு, அவர்தம் தமக்கையும் சுனைமலை அவையில் முல்லைக்கோட்டத்தின் தூதருமாகிய அல்லியங்கோதை தலை நிமிர்ந்து எழுதி விடுக்கும் ஓலை. தலை தாழ்த்தி எழுதுவதே முறை என்பது அறிவேன். போன காரியத்தை முடித்துவிட்டு எழுதுவதால் இம்முறை அவ்வாறு எழுத மனம் வரவில்லை. ஓலைநாயகர் இதைத் திருத்த வேண்டாம்.

இவ்வோலையை உள்ளறையில் தாமே பிரித்துத் தாமே படிக்க. அவையில் உரக்கப் படிக்கச் செய்தால் பிறகு வருந்தப்போவது நான் இல்லை.

இங்கு யாவரும் நலம். அங்கு அரண்மனையில் உள்ளோர் நலமாயிருப்பர் என்று நம்புகிறேன். மாடுகள் நலமாயில்லை என்பதை எல்லை கடந்து வரும் இடையர் வாயால் கேட்டேன். சுனைமலைப் பேரேரியின் மதகு அடைபட்ட நாள்முதல் கீழாறு வெறும் மணலாய்க் கிடப்பதாகவும், ஊற்றுத் தோண்டி ஒரு பசுவுக்கு ஒரு குடம் என்று அளந்து விடுவதாகவும், சினை மாடுகள் நிற்கமாட்டாமல் வழியிலேயே படுத்துவிடுவதாகவும் அவர்கள் உரைத்தனர். அன்று எனக்குச் சோறு இறங்கவில்லை. ஆதலால் முதற்செய்தியை முதலில் அறிக: சுனைமலை அரசியார் நறுவீயார், ஆவணி பிறக்குமுன் நம் அரண்மனையில் மீண்டும் விருந்துண்ண இசைந்துவிட்டார். அவ்விருந்து நல்லபடியாக முடிந்தால் அன்றைக்கே மதகு திறக்கும். இந்த இசைவைப் பெற நான் எத்தனை பேர் வாசலில் காத்து நின்றேன் என்பதை எழுதப் புகுந்தால் ஒரு கட்டு ஓலை வேண்டும்.

சென்ற விருந்து எப்படிக் கெட்டது என்பதை வேந்தருக்கு நினைவூட்டுவது என் கடமை. சுனைமலையார் கன்றுக்கு உரியதைக் கையால் தொடுவதில்லை. பால், தயிர், மோர், வெண்ணெய், நெய் எதுவும் அவர்கள் இலைக்கு வராது. அவர்கள் பந்தியில் முதலில் வைப்பது நறுக்கிய பச்சைக் காய்கள். அவற்றின்மேல் ஊற்றுவது எள்ளில் ஆட்டிய வெண்சாறு. நாமும் அப்படியே வைத்தோம். இதில் பாலின் வாசமும் இல்லை என்று வேந்தர் வாளைத் தொட்டு அவையறியச் சொன்னீர். அரசியார் கிண்ணத்தைக் கையில் எடுத்துச் சாய்த்தபோது அதன் உள்வாயில் வெண்ணெய் வளையமாக மின்னியது. அவர் இலையைவிட்டு எழுந்தார். அவருடன் வந்த அனைவரும் எழுந்தனர். மறுநாள் மதகு அடைபட்டது.

விருந்தினர் கிண்ணத்தின் வாயில் வெண்ணெய் தடவுவது நம் நாட்டு மரியாதை. மணப்பெண் உள்ளங்கைக்கு வெண்ணெய், புதுவீட்டு நிலைக்கு வெண்ணெய், வந்தவர் கிண்ணத்துக்கு வெண்ணெய். அதை உணவு என்று நம்மில் ஒருவரும் நினைப்பதில்லை. மாடு மேய்த்துப் பிழைக்கும் குடியில் பிறந்தவர்க்கே இப்படி ஒரு பிழை கைவரும். இதை விளக்க நான் இந்த அவையில் வாய் வலிக்கப் பேசினேன். மடைப்பள்ளித் தலைவர் கீரனார் பழக்கத்தில் செய்துவிட்டார் என்றும், அவரை நீக்கித் தொழுவத்தில் வைக்கோல் நறுக்க அனுப்பிவிட்டீர் என்றும் நீர் எனக்கு எழுதியிருந்தீர். அதையும் அப்படியே சொன்னேன்.

இனி அரசியார் விதித்த நிபந்தனை. அவர்கள் நாட்டில் வெண்சாற்றை வீட்டுத்தலைவர் தம் வீட்டில் தம் கையால் ஆட்டுவதே வழக்கம். ஆள் வைத்து ஆட்டினால் அது விருந்தாகாது. ஆகவே இம்முறை வேந்தர் தாமே ஆட்டுக்கல்லின் முன் உட்கார வேண்டும். முகம் சுளிக்க வேண்டாம். நான் கற்றுக்கொண்டேன், எனக்கு வந்தது உமக்கும் வரும்.

வெள்ளை எள் இரு கை அள்ளி, விடியலில் நீரில் ஊறப்போடுக. வெயில் ஏறியதும் துணியில் கட்டிக் கசக்கினால் தோல் கழன்று நீரில் மிதக்கும். மிதப்பதைச் சாய்த்து ஊற்றிவிடுக. தோலை விட்டுவைத்தால் சாறு கசக்கும். எள் உலர்ந்தபின் வாணலியில் இட்டு, வாசம் வரும் அளவுக்குச் சூடு காட்டுக. நிறம் மாறவே கூடாது. எதையும் முறுகவிட்டுத் தின்பது உமக்குப் பிரியம் என்பது ஊரறியும்; அந்தப் பிரியத்தை அன்று ஒருநாள் அடக்குக. தோல் நீக்கி உலர்த்திய வெள்ளரி விதை ஒரு கை அதனோடு சேரட்டும். இரண்டையும் நீர் விடாமல் ஆட்டுக. முதலில் பொடியாகும், பிறகு கட்டியாய்க் கல்லில் ஒட்டும், தோள் கடுக்கும், போதும் என்று தோன்றும். போதாது. எண்ணெய் கசிந்து விழுது தேன்போல் இளகும்வரை கை ஓயக் கூடாது.

இப்பொழுது உப்பு, தோல் நீக்கிய மிளகு, இஞ்சிச் சாறு சிறிது, எலுமிச்சை ஒன்றின் சாறு. சாறு விழுந்த மாத்திரத்தில் இளகிய விழுது இறுகித் திரிதிரியாய் நிற்கும். இந்த இடத்தை வேந்தர் நன்றாக மனத்தில் இருத்துக. நான் முதல்முறை ஆட்டியபோது, எல்லாம் பாழாயிற்று என்று எண்ணி, என்னை அறியாமல் கை தயிர்ச்சட்டியைத் தேடியது. நல்லவேளையாக இந்த ஊரில் தயிர்ச்சட்டி இல்லை. அச்சமயம் என் விடுதிக்கு வந்திருந்த அரசியார் அதைப் பார்த்துச் சிரித்து, "ஏன் பயப்படுறீங்க? கெட்டுப்போகலை, கோவிச்சுக்கிட்டு நிக்குது. கொஞ்சங்கொஞ்சமா தண்ணி விடுங்க, தானா வழிக்கு வரும்" என்று தம் மலைப்பேச்சில் அருளினார். அவ்வாறே பானையில் குளிர்ந்த நீரைக் கரண்டி கரண்டியாக விட்டு ஆட்டினேன். விழுது வெளுத்தது, பின்பு பாலாடைபோல் திரண்டு வழுவழுவென்று கரண்டியிலிருந்து மெல்ல வழிந்தது. ஒரு துளிப் பாலும் இல்லாமல் இப்படி ஒரு கொழுமை வருமா என்று நான் மூக்கில் விரல் வைத்தேன். கடைசியில் கொத்துமல்லித் தழையைக் கிள்ளிப் போட்டு, புளிப்பை அடக்கத் துளி வெல்லம் சேர்க்கலாம். முள்ளங்கி, வெள்ளரிக்காய், முளைவிட்ட பயறு, இளமாங்காய் எல்லாவற்றுக்கும் பொருந்தும்.

இதற்குமேல் எழுதுவது சமையல் அன்று, எச்சரிக்கை. நம் மடைப்பள்ளிக் கல் எதையும் தொட வேண்டாம். அவை தலைமுறை தலைமுறையாய் வெண்ணெய் குடித்தவை. புதுக்கல் கொத்துவித்து, தவிடும் உப்பும் இட்டு ஆட்டிக் கழுவுக. கிண்ணங்கள் குயவர் வீட்டிலிருந்து நேரே வரட்டும். வாழைத்தண்டை நறுக்கியதும் கறுக்காமல் இருக்க மோரில் போடுவார்களே, அது கூடவே கூடாது. எலுமிச்சை பிழிந்த நீரில் போடச் சொல்லுக. இவற்றைக் காத்தால் வெண்சாற்றைப் பற்றி எனக்குக் கவலை சிறிதும் இல்லை. வேந்தர் கைக்கு வலு உண்டு. பொறுமையை மட்டும் கடன் வாங்கியாவது கொண்டுவருக.

என் கையால் ஆட்டியதை அரசியார் இரண்டுமுறை கேட்டு வாங்கி உண்டார். கிண்ணத்தை விரலால் வழித்தும் உண்டார். நான் உள்ளம் பூரித்து, கீரனார் செய்த பிழைக்காக எங்கள் வேந்தர் மிகவும் வருந்துகிறார் என்று மறுபடியும் தொடங்கினேன். அவர் கையமர்த்தி என்னைப் பேசாதிருக்கச் செய்தார். பின்பு உரைத்ததைக் கூட்டாமல் குறைக்காமல் எழுதுகிறேன்.

பந்தி தொடங்குமுன் திரைக்கு அப்பால் வேந்தர் தாமே வந்ததைத் தாம் கண்டதாகவும், அவர் விரலால் வெண்ணெய் தொட்டு, விருந்தினராகிய தம் கிண்ணத்தின் உள்வாயில் ஆசையோடு தடவியதைக் கண்டதாகவும், தம்மைப் பெருமைப்படுத்தவே அவ்வாறு செய்தார் என்பது அக்கணமே தமக்கு விளங்கியதாகவும் அரசியார் உரைத்தார். தெரியாமல் செய்த மரியாதையைக் கண்டு தமக்குச் சினம் வரவில்லை என்றார். கிண்ணத்தைக் காட்டி இது யார் கை என்று தாம் வினவியபோது, வேந்தர் கீரனாரைப் பார்த்ததாகவும், கீரனார் தலை குனிந்ததாகவும், அதைக் கண்டே தாம் இலையைவிட்டு எழுந்ததாகவும் உரைத்தார். தம் குற்றத்தைத் தம் சமையல்காரர் தலையில் கட்டுகிறவர் நாளை நீர்க்கணக்கில் எவர் தலையில் எதைக் கட்டுவார் என்பதே தம் ஐயம் என்றும் சொல்லி, எழுந்து போய்விட்டார்.

முகத்தை எங்கே வைத்துக்கொள்வது என்று தெரியாமல் ஆட்டுக்கல்லின் முன்னாலேயே உட்கார்ந்திருந்தேன். கீரனாரின் பெயரை இந்த அவையில் எத்தனைமுறை என் வாயால் இழுத்தேன் என்று நினைக்கையில் வெட்கமாயிருக்கிறது. உம்மேல் வந்த கோபத்தில் இரண்டு ஓலைகளை முறித்தேன், இது மூன்றாவது.

வேந்தருக்கு எழுத வேண்டியது முடிந்தது. இனி என் தம்பிக்கு.

மருதா, நீ பயந்துவிட்டாய். வாளைத் தொட்டுச் சொன்ன சொல் அத்தனை பேர் முன் பொய்யாகிப் போனதைக் கண்டு உன் கண் தானாக வேறொருவர் பக்கம் திரும்பிவிட்டது. உனக்குப் பொய் பழக்கமில்லை. அதனால்தான் ஒரு பொய்யைச் சொல்லிவிட்டு அதிலிருந்து வெளியே வரவும் உனக்குத் தெரியவில்லை. வைக்கோல் நறுக்கும் கீரனாரைத் தொழுவத்துப் பக்கம் போகாமலே தவிர்த்திருப்பாய். எனக்கு உன்னைத் தெரியும். நீ இதைச் சரிசெய்வாய் என்பதில் எனக்கு ஐயமே இல்லை. அரசியாரிடமும் அப்படியே சொல்லிவிட்டேன். அவர் விருந்துக்கான நாளை மட்டும் குறித்துக் கொடுத்தார்.

ஆகவே வேந்தரின் முத்திரைமோதிரத்தைத் தூதராக நான் அணிந்திருக்கும் உரிமையால், வேந்தர் பெயராலேயே வேந்தருக்கு இடும் ஆணை இது. ஓலை கண்ட அன்றே தொழுவத்துக்கு நடந்து சென்று கீரனாரை அழைத்து வருக; பல்லக்கு அனுப்பித் தப்பிக்க வேண்டாம். விருந்து நாளில் அரசியாரின் வரிசையில், அவருக்கு அடுத்த இலையில் கீரனாரை அமர்த்துக. வெண்சாற்றை நீரே ஆட்டி, நீரே ஏந்தி வருக. மலையில் நீரும் மந்தையில் கன்றும் உள்ளவரை இவ்வாணை நிற்பதாகுக.

இப்படிக்கு அல்லியங்கோதை, என் எழுத்து, ஏறு பொறித்த முத்திரை என் கையால் இட்டது.

கிண்ணங்களை வைக்குமுன் பந்தியின் நடுவே நின்று, அன்று அது என் விரல் என்று யாவரும் கேட்கச் சொல்லுக. சொன்னபின் பரிமாறுக.