சிவப்புத் துண்டு, பச்சைப் புள்ளி

வேப்பம்பட்டு, ஹால்
5 மே 2025, திங்கள், காலை 10.20

மகா கனம் பொருந்திய படுக்கையறை ஆபீசர் திருமதி கிறிஸ்டினா அந்தோணி அவர்களுக்கு,

ஹாலில் வசிக்கும் உன் ஒரே மகள் சோனியா ஸ்தோத்திரத்துடன் எழுதிக்கொள்வது. நான் நலம். உன் நலத்தைக் கதவில் காது வைத்துத் தெரிந்துகொண்டேன். "லோடு ரெடியா, லோடு ரெடியா" என்று இருபது தடவை கத்தினாய். தொண்டை நன்றாகவே இருக்கிறது.

அம்மா, கதவுக் கைப்பிடியில் சிவப்புத் துண்டு தொங்கினால் யாரும் வாயைத் திறக்கக்கூடாது என்று சட்டம் போட்டாய். நான் வாயைத் திறக்கவில்லை, பேனாவைத்தான் திறந்தேன். உன் சட்டத்தில் பேனா வரவில்லை. கதவுக்கடியில் ஒரு விரல் இடைவெளி இருக்கிறது. இனிமேல் அதுதான் நம் தபாலாபீஸ்.

முன்பெல்லாம் தினமும் விடியற்காலை ஐந்து பத்து ரயிலுக்கு ஓடுவாய். பேசின் பிரிட்ஜில் இறங்கி, வண்டி மாறி, கும்மிடிப்பூண்டி கம்பெனிக்குப் போய் வீடு திரும்ப இரவு எட்டரை ஆகும். இப்போது வாரத்தில் மூன்று நாள் ஆபீஸ், மூன்று நாள் வீடு. ஹைப்ரிட் என்கிறார்கள். எனக்குத் தெரிந்த ஹைப்ரிட் தக்காளிதான். பெரிதாக, பளபளவென்று இருக்கும், ருசி இருக்காது. பத்தடியில் அம்மா இருந்தும் பேச முடியாவிட்டால் அதுவும் தக்காளிதானே?

அப்பா நேற்றுச் சொன்னது சரிதான்: "உங்கம்மா ஆபீஸை ஊட்டுக்கு எடுத்துக்கினு வந்துட்டா. நான் காட்டுப்பள்ளியில கப்பலுக்கு வெல்டிங் வெக்கிறவன். கப்பலை எந்த பஸ்ல ஏத்திக்கினு வர்றது?"

லேப்டாப்புக்கு முட்டுக்கொடுத்திருக்கும் ரவை டப்பாவுக்கு எப்போது விடுதலை? பத்தாவது எழுதி முடித்துவிட்டு லீவில் இருக்கும் பிள்ளைக்கு உப்புமாவாவது கிடைக்க வேண்டாமா?

இன்று காலிங் பெல்லை அடித்துவிட்டு ஓடியது நான்தான். மூன்று தடவையும்.

உன் வாலில்லா வானரம்,
சோனியா


அறைக்குள்ளிருந்து
அதே நாள், 11.05

அடி வாலு,

இரண்டு லாரிக்கு நடுவில் எழுதுகிறேன். பெல்லை இன்னொரு தடவை தொட்டால் விரலை ஒடிப்பேன்.

விளையாட்டில்லை சோனியா. எங்கள் கம்பெனி கேட்டை ஒரு லாரி தாண்ட வேண்டுமென்றால் நான் இங்கிருந்து கேட் பாஸ் திறக்க வேண்டும். வேப்பம்பட்டில் பட்டனை அமுக்கினால்தான் கும்மிடிப்பூண்டியில் சக்கரம் உருளும். கம்ப்யூட்டரில் என் பெயருக்குப் பக்கத்தில் ஒரு பச்சைப் புள்ளி எரியும். மவுஸ் ஐந்து நிமிடம் அசையவில்லை என்றால் அது மஞ்சளாகிவிடும். பச்சையாக இருந்தால் கேட்டில் இருக்கும் செக்யூரிட்டி ஆதிகேசவன் அண்ணன் கம்ப்யூட்டரிலேயே செய்தி போட்டுவிட்டுக் காத்திருப்பார். மஞ்சள் என்றால்தான் போன் அடிப்பார்.

மாதக் கடைசியில் யார் எத்தனை தடவை மஞ்சளானார்கள் என்று எங்கள் மேனேஜர் வீரராகவன் சார் கணக்கெடுப்பார். மஞ்சள் கூடினால் வீட்டு நாட்கள் போய்விடும். அதனால்தான் பாத்ரூமுக்குக்கூட ஓட்டப்பந்தயம் ஓடுகிறேன். நீ பெல் அடித்து விளையாடுகிறாய்.

உப்புமா நாளைக்கு. தட்டில் மாங்காய் இருக்கிறது, சாப்பிடு.

அம்மா


உன் தலையணைக்குப் பக்கத்திலிருந்து
14 மே 2025, புதன், மதியம் 12.30

அன்புள்ள காய்ச்சல்கார அம்மாவுக்கு,

கண் விழித்ததும் இதைப் படி. படிக்கும்போது எழுந்திருக்காதே!

நூற்றிரண்டு டிகிரி. உன் நெற்றியில் தோசை சுடலாம். அதோடு காலையிலிருந்து மவுஸைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்தாய். "லீவு போடேன்" என்றேன். "ஊட்ல இருக்கிறவளுக்கு இன்னாடி லீவு?" என்றாய். மாத்திரை போட்டுக்கொண்டு, "அஞ்சு நிமிசத்துக்கு ஒருவாட்டி எழுப்புடி, மவுஸை ஆட்டிட்டு வந்து படுத்துக்கிறேன்" என்று ஹாலில் சாய்ந்தாய். தூங்குகிறவளை ஐந்து நிமிடத்துக்கு ஒரு முறை எழுப்ப நான் என்ன கொசுவா?

அதனால் ஒரு காரியம் செய்தேன். கேட்டால் கைதட்டுவாய். தலையாட்டும் டேபிள் ஃபேன் இருக்கிறதல்லவா? அதன் கழுத்தில் நூலைக் கட்டி, மறுமுனையை மவுஸில் கட்டிவிட்டேன். ஃபேன் இடப்பக்கம் திரும்பினால் எலி இடப்பக்கம், வலப்பக்கம் திரும்பினால் எலி வலப்பக்கம். பூனையே இல்லாமல் எலி ஓடுகிறது! புள்ளி பச்சைப் பசேல் என்று இருக்கிறது. போனை உன் காதருகிலேயே வைத்திருக்கிறேன், அவசரமென்றால் அடிப்பார்கள்.

நன்றாகத் தூங்கு. இன்று ஆபீஸை ஃபேன் பார்த்துக்கொள்ளும்.

கண்டுபிடிப்பாளர்,
சோனியா


அறைக்குள்ளிருந்து
அதே நாள், மாலை 5.40

சோனியா,

போன் எப்படி அடிக்கும்? மஞ்சளானால்தானே அடிப்பார்கள். அன்றைக்கு எழுதித் தந்தேனே, படித்தாயா இல்லையா?

லாரி கேட்டில் இரண்டு மணி நாற்பது நிமிடம் நின்றது. ஆதிகேசவன் அண்ணன் பதினான்கு செய்தி போட்டிருக்கிறார். "மேடம் பச்சையில கீறாங்க, பார்த்துடுவாங்க" என்று டிரைவரைச் சமாதானம் செய்திருக்கிறார். சரக்கு துறைமுகத்துக்குப் போனபோது கன்டெய்னரை மூடிவிட்டார்கள். கப்பல் போய்விட்டது.

ஆள் இருந்துகொண்டே வேண்டுமென்றே லாரியை நிறுத்திவிட்டேன் என்று வீரராகவன் சார் நினைக்கிறார். நாளைக்கு நேரில் வரச் சொல்லியிருக்கிறார். எனக்கு மட்டுமல்ல, எங்கள் பிரிவில் ஆறு பேருக்கும் வீட்டு நாட்கள் ரத்தாகலாம். அதில் பூமிகாவின் கைக்குழந்தைக்கு ஏழு மாதம். அவளுக்கு நான் என்ன பதில் சொல்வேன்?

இப்போது என்னிடம் பேசாதே. எழுதவும் எழுதாதே.

அம்மா


உன் சாப்பாட்டு டப்பாவுக்குள்ளிருந்து
15 மே 2025, வியாழன், விடியற்காலை

அம்மாவுக்கு,

எழுதாதே என்றாய், எழுதிவிட்டேன். எலுமிச்சை சாதத்தில் எண்ணெய் அதிகம், காகிதம் ஊறியிருந்தால் மன்னித்துவிடு. நானே கிளறியது.

நூல் கட்டியது நான். வீரராகவன் சாரிடம் அப்படியே சொல்லிவிடு. வேண்டுமானால் நானே வந்து சொல்கிறேன். கேட்டில் முட்டி போடச் சொன்னாலும் போடுகிறேன்.

நேற்று ராத்திரி முழுக்க ஒன்றை யோசித்தேன். நீ ஆறு நாளும் ஆபீஸ் போனபோது, பள்ளியிலிருந்து வந்து நானே பூட்டைத் திறப்பேன். அன்று நடந்ததெல்லாம் சொல்ல உனக்காகக் காத்திருப்பேன். நீ வருவாய், "சொல்லுடி" என்பாய், இரண்டாவது வாக்கியத்தில் உட்கார்ந்தபடியே தூங்கிவிடுவாய். மீதியை உன் கைப்பையிடம் சொல்வேன். அந்தக் கைப்பை நல்ல பை, ஒரு தடவைகூடக் கொட்டாவி விட்டதில்லை.

அந்த நாட்கள் திரும்ப வரக்கூடாது என்றுதான் புள்ளி மஞ்சளாகாமல் பார்த்துக்கொண்டேன். நானே கெடுத்துவிட்டேன்.

ஒரு யோசனை. திட்டாமல் கேள். நான் காலிங் பெல் அடித்தால் நீ எங்கிருந்தாலும் வருகிறாய். குளித்துக்கொண்டிருந்தாலும், தூங்கினாலும், திட்டிக்கொண்டாவது வந்துவிடுகிறாய். ஆதிகேசவன் மாமாவுக்கும் ஒரு பெல் இருந்தால்? அங்கே அமுக்கினால் இங்கே அடிக்கிற மாதிரி? புள்ளி பொய் சொல்லும் அம்மா, பெல் பொய் சொல்லாது. பெல் அடித்து ஏமாற்றியவள் சொல்கிறேன், நம்பு.

சோனியா


கும்மிடிப்பூண்டி ஸ்டேஷன்
15 மே 2025, மாலை 6.10

என் தங்கமே,

வண்டி வர இருபது நிமிடம் இருக்கிறது. வீட்டுக்கு வந்து சொல்லலாம்தான். ஆனால் வந்ததும் நான் தூங்கிவிடுவேனாமே! அதனால் இப்போதே எழுதி என் கைப்பையிடம் கொடுத்தனுப்புகிறேன். அது நல்ல பை.

உன் பெயரைச் சொல்லவில்லை. "காய்ச்சல் சார், தூங்கிட்டேன். புள்ளி மஞ்சளாகக் கூடாதுன்னு மவுஸை ஃபேன்ல கட்டிட்டோம்" என்றேன். "லீவு போட்டிருக்கலாமே?" என்றார் வீரராகவன் சார். வாயில் வந்ததைச் சொன்னேன்: "லீவு போட்டா, ஊட்ல கீறவ சும்மாதான் கீறான்னு சொல்லிடுவீங்களோன்னு பயம் சார். நாள் பூரா வேலையைப் பார்த்ததைவிட அந்தப் புள்ளியைத்தான் அதிகம் பார்த்திருக்கேன்."

அவர் கணக்கெடுத்த தாளைப் புரட்டினார். ஏப்ரல் மாதத்தில் ஒரு முறைகூட மஞ்சளாகாமல் இருந்தவர் யார் தெரியுமா? ஆபீசிலேயே உட்கார்ந்திருக்கும் பரத். அதே மாதத்தில் அதிக லாரிகளை நிறுத்தி வைத்தவரும் அவரேதான்!

பிறகு உன் பெல்லைச் சொன்னேன். வாசலில் நின்றிருந்த ஆதிகேசவன் அண்ணன் உள்ளேயே வந்துவிட்டார். "சார், மேடம் ஊட்ல கீறாங்களா ஆபீஸ்ல கீறாங்களான்னு எனுக்கு இன்னா சார்? பெல்லு அடிச்சா தொறக்கணும், அவ்ளோதான். பதினாலு மெசேஜ் அடிச்சு கை தேஞ்சுபோச்சு, பேஜாரு சார்" என்றார். வீரராகவன் சார் சிரித்தே விட்டார்!

கேட்டில் அமுக்கினால் வீட்டில் அடிக்கும் பெல் திங்கட்கிழமை வருகிறது. மே 29 வரை சோதனை. எந்த லாரியும் பத்து நிமிடத்துக்கு மேல் நிற்காவிட்டால் ஆறு பேருக்கும் வீட்டு நாட்கள் தொடரும். ஒன்று நின்றாலும் எல்லாம் ரத்து.

எலுமிச்சை சாதத்தில் எண்ணெய் அதிகமில்லை. உப்புதான் இல்லை.

உன் அம்மா


வேப்பம்பட்டு, ஹால்
30 மே 2025, வெள்ளி, மதியம் 1.15

வெற்றித் திருமகள் கிறிஸ்டினா அம்மையாருக்கு,

கேட்டது! கதவில் காதை வைத்திருந்தேன், எல்லாம் கேட்டது! "எழுபத்திரண்டு லாரி, ஒன்றுகூடப் பத்து நிமிடம் தாண்டவில்லை, தொடருங்கள்" என்று கம்ப்யூட்டர் மீட்டிங்கில் வீரராகவன் சார் சொன்னதும், பூமிகா அக்கா கத்தியதும், அக்காவின் பாப்பா அழுததும். நான் சோபாவில் குதித்ததில் ஒரு ஸ்பிரிங் போய்விட்டது. அதை அப்பா வெல்டிங் வைத்துக்கொள்வார்.

இரண்டு வாரமாக நம் வீட்டில் பெல் அடித்தால் திட்டு விழவில்லை, ஓட்டம்தான்! கரண்டியோடு ஓடினாய், தலையில் நுரையோடு ஓடினாய். அந்தப் பெல்லை நான் ஒரு தடவைகூடத் தொடவில்லை. என் வரலாற்றில் இது பெரிய தியாகம். குறித்துக்கொள்.

ஆனால் இப்போது ஒரு மணிக்கு அடித்ததே, அது என்ன? நீ பாய்ந்து போனாய். லாரி இல்லை. ஸ்பீக்கரில் ஆதிகேசவன் மாமா குரல்: "லோடு ஒண்ணும் இல்ல மேடம். மணி ஒண்ணாச்சே, நாஷ்டாகூட துன்னீங்களோ இல்லியோ, போய் பொண்ணுகூட சோறு துன்னுங்கன்னு சொல்லத்தான் அடிச்சேன்." அம்மா, ஐம்பது கிலோமீட்டர் தள்ளியிருந்தே பெல் அடித்து ஏமாற்றியிருக்கிறார். அவரை நான் குருவாக ஏற்றுக்கொள்கிறேன்.

தட்டு இரண்டு வைத்துவிட்டேன். உப்பு போட்டிருக்கிறேன், இரண்டு தடவை போட்டுவிட்டேனோ என்றுதான் சந்தேகம். அப்புறம், பள்ளி திறப்பதற்குள் நம் கதவுத் தபாலாபீசை…

இரு. இதைத் தள்ளுவதற்கு வாகாகக் கதவோரம் குனிந்து எழுதிக்கொண்டிருக்கிறேன். இப்போதுதான் பார்த்தேன், கைப்பிடியில் துண்டைக் காணோம். கதவு திறந்திருக்கிறது. நீ கையை நீட்டிக்கொண்டு நிற்கிறாய்.

ஒரு நிமிடம் பொறு, கையெழுத்துப் போட்டுத் தருகிறேன்.

சோனியா