தென்னேரிப் பாதை வழக்கு

இன்று மழையில் நனைந்தபடி கோர்ட்டுக்கு வந்தேன். கறுப்புக் கோட்டை மின்விசிறிக்கு அடியில் உலர்த்தியபோது எழுந்த ஈர வாடையில் நீ வந்துவிட்டாய், நண்பா.

அறுபதுகளின் கடைசி. நாம் இருவரும் காஞ்சிபுரத்தில் வக்கீல் தொழிலில் கால் ஊன்றிக்கொண்டிருந்தோம். தென்னேரிப் பக்கத்துக் காலனியிலிருந்து வந்த முதல் வக்கீல் நீ. நீ மேடையேறினால் கூட்டம் கலையாது. வரும் தேர்தலில் உனக்குத்தான் சீட்டு என்று கட்சியில் எல்லோரும் சொன்னார்கள்.

அப்போதுதான் உங்கள் காலனியின் சுடுகாட்டுப் பாதையை நிலக்காரர் முள்வேலி போட்டு அடைத்தார். அவர் உன் கட்சியில் பெரிய புள்ளி. அடைமழையில் இறந்த ஒரு பெண்ணை, ஏரித் தண்ணீரில் மார்பளவு இறங்கித்தான் தூக்கிப்போக வேண்டியிருந்தது. தூக்கியவர்களில் நீயும் ஒருவன். மறுநாளே நனைந்த கோட்டோடு வந்து வழக்குப் போட்டாய். நிலக்காரருக்கு வக்கீல் நான்.

கோர்ட் தாழ்வாரத்தில் அவர் உன் தோளில் கை வைத்தார். "கேஸை வாபஸ் வாங்கிடு தம்பி. நீ எம்.எல்.ஏ. ஆனதும் அங்க ரோடே போட்டுக்கலாம்."

"அதுவரைக்கும் சாவு காத்துக்கினு இருக்குமா, ஐயா?" என்றாய். அவர் கையை எடுத்துக்கொண்டார்.

விசாரணையன்று, அங்கே பாதையே இருந்ததில்லை என்று நிலக்காரர் சாட்சிக் கூண்டில் ஒரே பிடியாக நின்றார். நீ குரலை உயர்த்துவாய், தண்ணீரில் போன பிணத்தைச் சொல்லி அவரைக் கூனிக்குறுக வைப்பாய் என்று எதிர்பார்த்தேன். நீயோ மெதுவாகக் கேட்டாய்.

"உங்க நெலத்து ஓரம் பெரிய புளியமரம் நிக்குதே, யார் வெச்சது?"

"எங்க தாத்தா." முகத்தில் பெருமை.

"எதுக்கு வெச்சாரு?"

"பொணம் தூக்கிக்கினு வர்றவங்க எறக்கி வெச்சு மூச்சு வாங்கட்டும்னுதான்..."

சொன்ன பிறகுதான் அவருக்கே உறைத்தது. நீ சிரிக்கவில்லை. "உங்க தாத்தா நல்ல மனுசன்" என்று மட்டும் சொல்லிவிட்டு உட்கார்ந்தாய்.

பாதை கிடைத்தது. சீட்டு வேறொருவருக்குப் போனது. நீ சுயேச்சையாக நின்று தோற்றாய். அழுத காலனிக்காரர்களை நீதான் தேற்றினாய். அதற்குப் பின் எந்தக் கட்சியும் உன்னைக் கூப்பிடவில்லை. உன் வாசலில் பீஸ் கொடுக்கிற கட்சிக்காரர்களைவிட, கொடுக்க முடியாதவர்களே அதிகம் நின்றார்கள்.

"அன்னிக்கு அந்த ஆளை நார் நாரா கிழிச்சிருக்கலாமே, ஏன் விட்டே?" என்று ஒருமுறை கேட்டேன்.

"நாளைக்கும் அவரு அதே ஊர்லதானேபா இருக்கணும். தாத்தா மாதிரி இருக்க அவருக்கும் ஒரு வழி வேணும்ல."

நீ போய்ப் பல வருடங்கள் ஆகின்றன. சாட்சியை மடக்க எழும்போதெல்லாம், அவரைத் தலைகுனிய வைக்கும் கேள்விதான் எனக்கு முதலில் வாயில் வருகிறது. அதை விழுங்கிவிட்டு வேறு கேள்வி தேடுகிறேன். பெரியவருக்கு வயதாகிவிட்டது, குரல் இறங்கிவிட்டது என்று இளம் வக்கீல்கள் என்னைப் பற்றிப் பேசிக்கொள்கிறார்கள். நான் மறுப்பதில்லை.