மாமா கல்லறையில் உருகிய மாலை

தட்டாஞ்சாவடி
4.11.2024

அன்புள்ள வெரோனிகா,

நான் நலம், வீடு நலமில்லை. கோபத்தில் போனையும் இங்கேயே விட்டுவிட்டு அண்ணன் வீட்டுக்குப் போய்விட்டாய். அதனால் இதை மீன் விற்கும் தனக்கொடியிடம் கொடுத்தனுப்புகிறேன்.

வாடாது என்றுதான் மாமா கல்லறையில் பிளாஸ்டிக் மாலையைப் போட்டேன். கல்லறைத் திருநாளில் மெழுகுவத்தி ஏற்றினால் அது உருகும் என்று யார் கண்டது? பிளாஸ்டிக் கம்பெனியில் வேலை பார்ப்பவருக்கு இதுகூடத் தெரியாதா என்பாய். நாங்கள் உருக்குவது குடத்துக்கு, மாலைக்கு இல்லை. சீக்கிரம் வந்துவிடு.

சகாயநாதன்

வைத்திக்குப்பம்
6.11.2024

உங்களுக்கு,

அன்புள்ள என்று எழுதக் கை வரவில்லை. கல்லறையை மந்திரிக்க வந்த சாமியார் அந்தப் புகையில் இருமிக்கொண்டே ஜெபித்தார். அப்பா பெயரில் பாதி, உருகிய பூவுக்குள் மறைந்துவிட்டது. போதாததற்கு, போன வருட மாலையையே சோப்புத்தூளில் அலசிப் போட்டதாகச் சொந்தக்காரர்களிடம் பெருமை வேறு.

கம்பெனி கழித்துப் போடுவதெல்லாம் நம் வீட்டுக்குத்தான் வருகிறது. கைப்பிடி இல்லாத வாளி, ஒரு கால் குட்டையான நாற்காலி. கட்டிலுக்கு அடியிலும் குடம். அவை அங்கே இருக்கட்டும், நான் இங்கே இருக்கிறேன்.

வெரோனிகா

தட்டாஞ்சாவடி
9.11.2024

அன்புள்ள வெரோனிகா,

எல்லாவற்றையும் தெருவில் எடுத்து வைத்தேன். சும்மா என்றதும் கோவிந்தராசு வீட்டார் வண்டியோடு வந்துவிட்டார்கள். அவசரத்தில் குளிக்கிற வாளியும் போய்விட்டது. உன் இட்லிப் பானையில் தண்ணீர் பிடித்துத்தான் குளிக்கிறேன், கோபப்படாதே. நமக்கென்று இரண்டு நாற்காலி மட்டும் வைத்திருக்கிறேன். நீ இல்லாமல் சோறு இறங்கவில்லை.

சகாயநாதன்

வைத்திக்குப்பம்
11.11.2024

அன்புள்ளவருக்கு,

இனி இட்லிப் பானையைத் தொடாதீர்கள்.

நேற்றுப் பூசை முடிந்து கல்லறைக்குப் போனேன். அப்பா பெயர் பளிச்சென்று இருந்தது. காவல்காரரைக் கேட்டேன். "உங்க வூட்டுக்காரருதாம்மா. தெனம் வேல வுட்டு வந்து, குந்திக்கினு சொரண்டுனாரு" என்றார். இதை ஏன் எனக்கு எழுதவில்லை? அங்கேயே அழுதுவிட்டேன்.

இனிமேல் சாமந்தி வாங்குவோம். வாடட்டும். வாடினால் மாற்றப் போவோம், அப்பாவைப் பார்த்த மாதிரியும் இருக்கும்.

நாளைச் சாயங்காலம் வந்து அழைத்துப் போங்கள். ஒரே ஒரு சங்கடம். நீங்கள் எல்லாவற்றையும் சும்மா கொடுத்த கதையைத் தனக்கொடி இங்கே சொல்லிவிட்டாள். தனக்கு ஒரு டப்பாகூட வரவில்லை என்று பிரிஸ்கில்லா அண்ணி முகத்தைத் தூக்கி வைத்திருக்கிறார். அந்த இரண்டு நாற்காலியும் வந்தால்தான் என்னை அனுப்புவாராம்.

எடுத்து வாருங்கள். நமக்குப் பாய் இருக்கிறது.

உங்கள்
வெரோனிகா