ஹெலன் அக்காவும் உள்ளங்கை ரசமும்

என் அன்பான ஹெலன் அக்கா,

உங்களுக்குத் தெரிந்த ஒரே தமிழ்ச் சொல் 'அக்கா'தான். இருந்தாலும் தமிழில்தான் எழுத வருகிறது. ஆங்கிலத்தில் எழுத உட்கார்ந்தால் என் துக்கம் லீவு லெட்டர் மாதிரி ஆகிவிடுகிறது.

நேற்று உங்களை அடக்கம் செய்துவிட்டு வந்தோம். ஹனோவரில் ஒரே மழை. இன்று காலைப் பேப்பரில் உங்களைப் பற்றி நாலு வரி: தொலைக்காட்சிச் சமையல் நிகழ்ச்சி நடத்திய அமெரிக்கப் பெண்மணியாம்! எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. உங்கள் நாடகமெல்லாம் எங்கே போயிற்று?

நியூயார்க்கில் டிவி பிறந்த புதிதில் வாரம் ஒரு நாடகத்தை நேரலையாக இயக்கியவர் நீங்கள். பிறகு எல்லாவற்றையும் முன்பே படம் பிடித்துக் காட்டலாம் என்று ஆனதும் வேலை கலிபோர்னியாவுக்குப் போனது, இயக்குநர் நாற்காலி ஆண்களுக்குப் போனது. "எனக்கு அடுப்பைக் கொடுத்தாங்க" என்று சிரிப்பீர்கள். கடல் தாண்டி இந்த ஜெர்மனிக்கு வந்தும் அடுப்புதான். அதை நன்றாகச் செய்தால் ஒரு நாடகம் தருவதாக டிவி நிலையத்துப் பெரியவர் சொல்லியிருந்தார்.

ஆராய்ச்சி செய்ய வந்த கணவரோடு வந்திறங்கி, சந்தையில் கொத்தமல்லி என்று நினைத்து பார்ஸ்லியை மோந்துகொண்டிருந்த என்னைப் பிடித்து, "டிவியில சமைக்கிறியா?" என்று கேட்டீர்கள். நானும் தலையாட்டி வைத்தேன்.

ஒத்திகையில் பானை காலி. நான் கரண்டியால் ருசி பார்ப்பதுபோல் நடித்து, அதே கரண்டியைத் தொகுப்பாளினியிடம் நீட்டினேன். முதல் கேமரா கரண்டியைக் காட்ட வேண்டும் என்று ஏற்பாடு. மறுநாள் நேரலைக்குப் பெரியவரே வந்து, கட்டுப்பாட்டு அறையில் உங்கள் பின்னால் உட்கார்ந்தார். நாடகம் உண்டா இல்லையா என்பது அன்றைக்கு முடிவாக வேண்டும்.

ரசம் நுரை கட்டியது. நிஜ ரசம். கரண்டியில் வாய் வைக்க எனக்கு மனசு வரவில்லை. எச்சில் பண்ணியதை இன்னொருத்தருக்கு எப்படி நீட்டுவது? வீட்டில் செய்வதுபோல் இரண்டு சொட்டு உள்ளங்கையில் விட்டு உறிஞ்சிவிட்டேன். முதல் கேமரா வெறும் காற்றைப் பார்த்து நின்றது.

உள்ளே பெரியவர் "கரண்டி! கரண்டி!" என்று கத்தினாராம். நீங்களோ கேமராவை மாற்றும் நியூயார்க் பழக்கத்தில் விரலைச் சொடுக்கி, "இரண்டாவது கேமரா, அவ கை" என்றீர்களாம். கேமராக்காரர் யோஹான் பிறகு சொன்னார். தொகுப்பாளினி ஒரு கணம் திகைத்துவிட்டுத் தன் உள்ளங்கையைக் குவித்து நீட்டினாள். ஊற்றினேன். காரத்தில் இருமினாள், சிரித்தாள், மறுபடி நீட்டினாள். எதையும் விடாமல் காட்டினீர்கள்.

"உங்க நாடகத்தைக் கெடுத்துட்டேனே அக்கா" என்று வெளியே வந்து அழுதேன். "அசடே, இதுதான் நாடகம்" என்று கட்டிக்கொண்டீர்கள். பெரியவர் முறைத்தார்: "ஒத்திகையில் இது இல்லையே!" "இல்லைதான்" என்றீர்கள். வீட்டில் என் கணவர் வேறு: "ஊரே பாத்துட்டிருக்கு, நீ கையில ஊத்தி உறிஞ்சுறியே!"

முறைத்தாலும் பெரியவர் வாக்கைக் காப்பாற்றினார்; அந்தக் குளிர்காலமே உங்களுக்கு நாடகம் கிடைத்தது. அதற்கப்புறமும் சில கிடைத்தன. எல்லாம் நேரலை. ஒன்றையும் பதிவு செய்து வைக்கவில்லை. "ப்ரூஃப் எங்கம்மா?" என்று என் மகள் கேட்கிறாள். அவளுக்கு என்னத்தைக் காட்டுவேன், அக்கா?

நேற்று கல்லறையில் எல்லோரும் தலை குனிந்து நின்றபோது யோஹான் மட்டும் கையை உயர்த்தி விரலைச் சொடுக்கினார். மழையில் விரல் வழுக்கிச் சத்தம் வரவில்லை. மறுபடி சொடுக்கினார். அதற்குமேல் எனக்கு அழுகையை அடக்க முடியவில்லை.

நாளை யோஹானையும் கூட்டிக்கொண்டு அந்தப் பேப்பர் ஆபீசுக்குப் போகிறேன். திருத்திப் போடும்வரை நகரமாட்டேன். போடாவிட்டாலும், கேட்டவர் கேட்காதவர் எல்லோரிடமும் சொல்லிக்கொண்டே இருப்பேன், இது சத்தியம்: சமைத்தவள் நான். ஹெலன் அக்கா இயக்குநர்.

கரண்டியில் இன்றும் வாய் வைக்காத,
உங்கள் தங்கை,
கோமதி