தேசிய கீதத்தின் இரண்டாவது சரணம்

அன்புள்ள அம்மாவுக்கு, ஹுவே வணங்கி எழுதுவது. அப்பாவுக்கு மழையில் மூச்சிரைப்பு கூடிவிட்டதா? நான் நன்றாக இருக்கிறேன். சிப்பி உடைத்து உடைத்துக் கை மட்டும் குளிரில் வெடித்திருக்கிறது.

குடியுரிமை நேர்காணல் வரும் வியாழக்கிழமை. கொரிய தேசிய கீதத்தைப் பாடிக் காட்டச் சொல்வார்களாம். அதனால் வேலை நேரத்திலும் முணுமுணுத்தபடியே இருந்தேன். அது எங்கள் சிப்பிக் கூடத்து முதலாளி திரு. பேக்கின் காதில் விழுந்துவிட்டது.

சனிக்கிழமை எங்களுக்கு விருந்து வைத்தார். போதை ஏறியதும், "ஏம்மா வியட்நாம், எழுந்து பாடு பாப்போம். உனக்குக் குடியுரிமை குடுக்கலாமா வேணாமான்னு நாங்க சொல்றோம்" என்றார். நேர்காணலுக்குக் கொண்டுபோக வேண்டிய என் வேலைச் சான்றிதழில் அவர் இன்னும் கையெழுத்துப் போடவில்லை. பாடினேன். கறியை மென்றுகொண்டே மேசையில் தாளம் போட்டார்கள். நான் நிறுத்தாமல் இரண்டாவது சரணத்தையும் பாடி முடித்தேன்.

என்னோடு சிப்பி உடைக்கிற சுன்-ஜா அக்கா, "அடுத்த சரணம் நீங்க பாடுங்க முதலாளி" என்றாள். அவருக்கு ஒரு வரிகூட வரவில்லை. "நான் இங்கயே பொறந்தவன். எனக்கெதுக்குப் பாட்டு?" என்றார். எல்லோரும் சிரித்தார்கள்.

திங்களன்று கையெழுத்திட்ட தாளை நீட்டினார். இரு கையாலும் வாங்கி, இடுப்பு வளையக் குனிந்து நன்றி சொன்னேன். அவரைவிட அந்த நன்றியை நினைத்தால்தான் அம்மா, எனக்குக் குமட்டுகிறது.

கவலைப்படாதே, வியாழக்கிழமை நன்றாகவே பாடுவேன். காய்ந்த இறாலும் கைக்குத் தடவத் தைலமும் அனுப்பு. பொட்டலத்தின் மேல் என் பெயரை உன் கையாலேயே பெரிதாக எழுது. இங்கே யாரும் என்னைப் பெயர் சொல்லிக் கூப்பிடுவதில்லை.

வேலைக்கு வண்டி வந்துவிட்டது.

உன் மகள்,
ஹுவே