செத்தவீட்டு அடுப்பு

செவ்வாய் இரவு, மிச்சம், லண்டன்

"தமிழ்ப் பிள்ளையின்ரை கதையை ஆர் வாங்குவினம்?" எண்டு போன வருசம் என்ரை நாவலைத் திருப்பி அனுப்பின அதே பதிப்பாசிரியை இண்டைக்குப் போன் எடுத்தா. பதின்ம வயதுப் பிள்ளையளுக்கு எழுதிப் பேரெடுத்த ஒரு வெள்ளைக்காரி, தகப்பனைப் பறிகுடுத்த யாழ்ப்பாணப் பெட்டை ஒருத்தியைப் பற்றிப் புது நாவல் எழுதியிருக்கிறாவாம். "உங்கடை ஆக்கள்தானே, பிழை இருந்தாப் பாத்துச் சொல்லுங்கோ" எண்டா.

பின்னேரம் முழுக்க வாசிச்சன். நல்லாத்தான் எழுதுறா. அதுதான் வயித்தெரிச்சல். ஆனா செத்தவீடு நடக்கிற அண்டைக்கே தாய் அடுப்பு மூட்டி, வந்த சனத்துக்குக் கோழிக்கறி சமைக்கிறா. செத்தவீட்டிலை ஆர் அடுப்பு மூட்டுறது?

அப்பா போன அண்டு எங்கடை வீட்டிலை அடுப்பு எரியேல்லை. பக்கத்து வீட்டு மலர் அக்காதான் இடியப்பமும் சொதியும் கொண்டுவந்தவ. நான் எழுதினதுக்குள்ளை ஆக நல்ல அத்தியாயம் அதுதான். அந்த நாவலைத்தான் திருப்பி அனுப்பினவை.

"சொல்லிவிடுமன், பாவம்" எண்டார் என்ரை மனுசன்.

சொன்னா, மலர் அக்கா இடியப்பத்தோடை அந்த வெள்ளைக்காரியின்ரை புத்தகத்துக்குள்ளை போயிடுவா.

ஒரு பிழையும் இல்லை எண்டு எழுதி அனுப்பிப்போட்டன். எரியட்டும் அடுப்பு.